மூன்றில் முடியும் இயந்திரம்

சோனியின் முதல் பிளேஸ்டேஷன் விளையாட்டு இயந்திரத்தைப் போலவே இயங்கும் மென்பொருளான எமுலேட்டர் ஒன்றைக் கணினியில் நிறுவினால், விளையாட்டு வட்டுக்கு முன்பே அது கேட்பது, இயந்திரத்தைத் தொடக்கி வைக்கும் அடிப்படை நிரலான பயாஸ் கோப்பைத்தான். கோப்பு இல்லையென்றால் சில எமுலேட்டர்கள் ஒற்றை வரி எச்சரிக்கையோடு நின்றுவிடும். சில, சொல்லாமலே ஒரு மாற்று பயாஸை வைத்து ஓட்டிப் பார்க்கும். இந்த இடத்தில் பெரும்பாலானோர் செய்வது ஒன்றுதான். தேடுபொறியைத் திறந்து, முதலில் கண்ணில் படும் மூட்டையை இறக்கி, அதிலுள்ள எல்லாக் கோப்புகளையும் உரிய அடைவில் கொட்டிவிட்டு வேலையைப் பார்க்கப் போய்விடுவார்கள். மொத்தமே 512 கிலோபைட் உள்ள கோப்பு. கைப்பேசியில் எடுக்கும் ஒரு படம் இதைவிடப் பெரியது. இதற்குப் போய் யார் மெனக்கெடுவது என்ற கேள்வி நியாயமாகத்தான் தோன்றும்.

மெனக்கெட வேண்டும் என்பது என் கட்சி. பினாங்கு, கோலாலம்பூர், ஈப்போ என்று மலேசியாவில் 1990களில் பிளேஸ்டேஷன் வாங்கிய வீடுகளில் இருப்பவர்கள் மற்ற எவரையும்விடக் கூடுதலாகவே மெனக்கெட வேண்டும். நம் வீட்டு அலமாரிகளில் தூசி படிந்து கிடக்கும் அந்தச் சாம்பல் நிறப் பெட்டியின் பெயர், எமுலேட்டர் வழிகாட்டிகளின் முதல் பக்கத்தில் இருக்காது.

பட்டர்வொர்த்தில் மூன்றாம் படிவம் படிக்கும் என் அண்ணன் மகன் வழியாகத்தான் இந்த வேலை என்னிடம் வந்து சேர்ந்தது. அண்ணன் பிறையில் ஒரு தொழிற்சாலையில் வேலைக்குச் சேர்ந்த புதிதில், சம்பளத்தைச் சேர்த்து வைத்து 1998இல் பினாங்கின் கொம்தார் வணிக வளாகத்தில் ஒரு கடையில் வாங்கிய இயந்திரம் அது. இப்போது அதன் லென்ஸ் தேய்ந்துவிட்டது. வட்டைப் போட்டால் சில நாள் படிக்கும், சில நாள் வெறுமனே சுற்றிக்கொண்டிருக்கும். பையனுக்குத் தன் அப்பா விளையாடிய விளையாட்டுகளைப் பார்க்க ஆசை. பல எமுலேட்டர்களை ஒரே இடத்தில் ஓட்டும் ரெட்ரோஆர்ச் என்ற மென்பொருளைக் கணினியில் நிறுவி, எங்கிருந்தோ பயாஸ் மூட்டை ஒன்றையும் இறக்கி வைத்திருந்தான். அப்படியும் சரியாக ஓடவில்லை. "அத்தை, எல்லாக் கோப்பும் இருக்கிறது, ஆனால் இல்லை என்று சொல்கிறது" என்று தொலைபேசியில் புலம்பினான்.

சனிக்கிழமை பினாங்குப் பாலத்தைக் கடந்து போய்ப் பார்த்தேன். பாயான் லெப்பாஸில் மின்சுற்றுப் பலகைகளைச் சோதிக்கும் பிரிவில் வேலை செய்பவள் என்பதால், எந்தக் கோப்பைக் கண்டாலும் முதலில் அதன் அளவைப் பார்ப்பது எனக்குப் பழக்கம். முதல் பிளேஸ்டேஷனின் பயாஸ் சரியாக 524,288 பைட் இருக்க வேண்டும். ஒரு பைட் கூடினாலோ குறைந்தாலோ அது பயாஸ் அன்று. அவனுடைய மூட்டையில் 7003 என்ற பெயர் தாங்கிய கோப்பின் அளவு சில கிலோபைட்தான். உரைத் தொகுப்பியில் திறந்தபோது உள்ளே இருந்தது ஏதோ ஓர் இணையப் பக்கத்தின் நிரல். பதிவிறக்கம் தடைபட்டு, பிழைச் செய்தி காட்டும் பக்கமே கோப்பாகச் சேமிக்கப்பட்டிருக்கிறது. 5501 என்று பெயரிட்ட இன்னொன்று அளவில் சரியாக இருந்தது. ஆனால் அதன் எம்டி5 எண், அதாவது கோப்பின் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடப்படும் கைரேகை போன்ற எண், எந்தப் பட்டியலோடும் பொருந்தவில்லை. யாரோ எதையோ திருத்தியிருக்கிறார்கள். என்ன திருத்தினார்கள், எதற்காகத் திருத்தினார்கள் என்று கண்டுபிடிப்பதைவிட அதைத் தூக்கி எறிவது எளிது.

இந்தக் கோப்புக்குள் என்ன இருக்கிறது என்பதைப் பையனுக்கு முதலில் சொன்னேன். இங்கேயும் சொல்கிறேன்.

பிளேஸ்டேஷனின் மின் விசையை அழுத்தியவுடன் அதன் மையச் செயலி, 33.8688 மெகாஹெர்ட்ஸில் ஓடும் ஓர் ஆர்3000 வகைச் சில்லு, பிஎஃப்சி00000 என்ற முகவரிக்குப் போய் அங்குள்ள முதல் கட்டளையைப் படிக்கும். அந்த முகவரியில் இருப்பதுதான் பயாஸ் சில்லு. நினைவகத்தைச் சீர்செய்வது, 2 மெகாபைட் முதன்மை நினைவகத்தின் முதல் 64 கிலோபைட்டில் கருநிரலை, அதாவது இயந்திரத்தின் அடிப்படை இயக்க நிரலை, அமர்த்துவது, வெள்ளைத் திரையில் ஆரஞ்சு நிறச் சின்னத்தை எழுப்பி அந்த ஆழ்ந்த ஒலியைத் தருவது எல்லாம் இதன் வேலை. வட்டு உள்ளே இருந்தால் அதன் உரிமக் குறிப்பைப் படித்து, கருப்புத் திரையையும் பிஎஸ் சின்னத்தையும் காட்டும். பிறகு வட்டில் சிஸ்டம்.சிஎன்எஃப் என்ற சின்னஞ்சிறு உரைக் கோப்பைத் தேடும். விளையாட்டின் முதன்மை நிரல் எது, அடுக்கு நினைவகம் எந்த முகவரியில் தொடங்க வேண்டும், எத்தனை நிகழ்வுகளுக்கு இடம் ஒதுக்க வேண்டும் என்பதெல்லாம் அதில் நான்கைந்து வரிகளில் இருக்கும். அந்தக் கோப்பு இல்லாத வட்டு என்றால் பிஎஸ்எக்ஸ்.எக்ஸ்இ என்ற நிரலைத் தேடிப் பார்க்கும்.

இத்தோடு முடிந்திருந்தால் பயாஸ் இல்லாமலே சமாளித்துவிடலாம். விளையாட்டு தொடங்கிய பிறகும் அது பயாஸை விடாது என்பதுதான் சிக்கல். நினைவக அட்டையில் எழுத வேண்டுமா, கட்டுப்பாட்டுக் கருவியின் பொத்தான்களைப் படிக்க வேண்டுமா, வட்டில் ஒரு கோப்பைத் திறக்க வேண்டுமா, எல்லாவற்றுக்கும் ஏ0, பி0, சி0 என்ற மூன்று அட்டவணைகள் வழியாகக் கருநிரலை அழைத்துக்கொண்டே இருக்கும். சில விளையாட்டுகள் அந்த அழைப்புகள் எத்தனை நேரத்தில் திரும்பும் என்பதைக்கூட நம்பி எழுதப்பட்டவை. எமுலேட்டர் தானே எழுதிவைத்த மாற்று பயாஸ் இந்த அழைப்புகளுக்குக் கிட்டத்தட்டச் சரியான பதிலைத் தரும். விளையாட்டின் நடுவே திரை உறைவதும், சேமித்த ஆட்டம் காணாமல் போவதும் அந்தக் 'கிட்டத்தட்ட'வினால்தான். பையன் ஓட்டிப் பார்த்தபோது தொடக்கத் திரை வராமல் நேரே விளையாட்டு வந்ததும், சேமிக்கப் போனபோது உறைந்ததும் இதன் அறிகுறிகள். அவனுடைய கோப்புகளை ஏற்க மறுத்த மென்பொருள் மாற்று பயாஸை எடுத்துக்கொண்டிருக்கிறது.

மாற்று பயாஸ் என்றாலே மட்டம் என்று நான் சொல்ல வரவில்லை. இந்தத் துறையே அந்த முயற்சியில் வளர்ந்ததுதான். 1999 ஜனவரியில் கனெக்டிக்ஸ் என்ற அமெரிக்க நிறுவனம், மேக் கணினிகளில் பிளேஸ்டேஷன் விளையாட்டுகளை ஓட்டும் 'விர்ச்சுவல் கேம் ஸ்டேஷன்' என்ற மென்பொருளை அறிவித்தது. சோனியின் பயாஸைப் படியெடுத்து, பிரித்து ஆராய்ந்து, அது செய்யும் வேலைகளைச் செய்யும் புதிய நிரலைத் தாங்களே எழுதினார்கள். விற்ற மென்பொருளில் சோனியின் நிரல் ஒரு வரியும் இல்லை. சோனி வழக்குப் போட்டது. 2000 பிப்ரவரியில் அமெரிக்காவின் ஒன்பதாவது வட்டார மேல்முறையீட்டு நீதிமன்றம், ஆராய்ச்சியின் நடுவே எடுத்த அந்தப் படிகள் நியாயமான பயன்பாடு என்று தீர்ப்பளித்தது. அடுத்த ஆண்டே சோனி அந்த மென்பொருளை விலைக்கு வாங்கி நிறுத்திவிட்டது. மென்பொருள் போனாலும் தீர்ப்பு நின்றது. இன்று எமுலேட்டர் எழுதும் ஒவ்வொருவரும் அந்தத் தீர்ப்பின் நிழலில்தான் எழுதுகிறார்கள். பிசிஎஸ்எக்ஸ் ரீடக்ஸ் என்ற எமுலேட்டரின் குழுவினர் உருவாக்கிய ஓப்பன்பயாஸ் அந்த மரபில் வந்த கட்டற்ற பயாஸ். வீட்டில் இயந்திரம் இல்லாதவர்கள், யாரோ இணையத்தில் போட்டுவைத்த சோனி பயாஸைத் தேடி அலைவதற்குப் பதில் அதைப் பயன்படுத்துவதே நேர்மை என்பது என் எண்ணம். சோனியின் அசல் தொடக்கத் திரை அதில் வராது. அதனால் ஒன்றும் குறைந்துவிடப் போவதில்லை.

ஆனால் அண்ணன் வீட்டில் இயந்திரம் இருக்கிறது. லென்ஸ் தேய்ந்திருந்தாலும் பயாஸ் சில்லு அப்படியே இருக்கிறது. சொந்தச் சில்லில் இருப்பதைச் சொந்தமாகப் படித்தெடுக்க முடியும்போது வேறு எங்கே போய்த் தேடுவது? சட்டமும் இந்தப் பக்கமே சாய்கிறது. நம் நாட்டின் 1987ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் கணினி நிரல்களையும் காக்கிறது. முறையாக வாங்கிய நிரல் தொலைந்தாலோ கெட்டாலோ பயன்படுத்தவென்று உடைமையாளர் ஒரு காப்புநகல் எடுத்துக்கொள்வதற்கும் அதில் இடம் உண்டு. முகம் தெரியாதவர் ஏற்றிவைத்த கோப்பை இறக்குவதும், அண்ணன் காசு கொடுத்து வாங்கிய பெட்டியிலிருந்து நகல் எடுப்பதும் ஒன்றாகா.

பெட்டியைக் கவிழ்த்துப் பார்த்தோம். எஸ்சிபிஎச்-7003. பையனுக்கு அப்போதுதான் சந்தேகம் வந்தது. "வழிகாட்டியில் 5500, 5501, 5502 என்றுதான் இருக்கிறது. இந்த எண்ணே இல்லையே?"

பிளேஸ்டேஷன் 1994 டிசம்பர் 3 அன்று ஜப்பானில் விற்பனைக்கு வந்தது. அதற்குப் பிறகு வெளியான வகைகளின் கடைசி இலக்கம் வட்டாரத்தைக் காட்டும். பூஜ்யம் ஜப்பான், ஒன்று வட அமெரிக்கா, இரண்டு ஐரோப்பா, மூன்று ஆசியா. அந்த மூன்று நாம்தான். 5503, 7003, 7503, 9003 என்று வரிசையாக வந்தன. வீடியோ சிடியையும் ஓட்டக்கூடிய வெள்ளை நிற 5903 வகையும் ஆசியச் சந்தைக்கென்றே வந்தது. அந்தக் காலத்தில் இங்கே படம் பார்ப்பதென்றாலே வீடியோ சிடிதான் என்பதால் அப்படி ஒன்றைச் செய்ததில் வியப்பில்லை. ஆயினும் ரெட்ரோஆர்ச்சில் பலரும் பயன்படுத்தும் பீட்டில் பிஎஸ்எக்ஸ் என்ற எமுலேட்டர் ஜப்பான், அமெரிக்கா, ஐரோப்பா என்று மூன்று கோப்புகளை மட்டும் பெயர் சொல்லிக் கேட்கும். ஆசியாவுக்குத் தனி இருக்கை கிடையாது. பெட்டியில் உள்ள எண்ணுக்கு ஏற்ற கோப்பைத் தேடி நம்மூர்ப் பிள்ளைகள் போலிக் கோப்புகளில் போய் விழுவதற்கு இதுவும் ஒரு காரணம்.

இனி படித்தெடுக்கும் வேலை. இதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். இதைத் தமிழில் யாரும் எழுதி நான் படித்ததில்லை.

7003இன் பின்புறத்தில் இரண்டு துளைகள் பயன்படும். ஒன்று அகலமான இணைத் துறை. விளையாட்டில் ஏமாற்றி வெல்ல உதவும் அட்டைகளைச் செருகும் இடம். 9000 வரிசையில் அதை எடுத்துவிட்டார்கள். இன்னொன்று இரண்டு இயந்திரங்களை இணைத்து விளையாடுவதற்கான தொடர் துறை. நான் தேர்ந்தெடுத்தது தொடர் துறை. அதற்குப் பொருந்தும் முனை இன்று எந்தக் கடையிலும் தனியாகக் கிடைக்காது. பழைய இணைப்புக் கம்பி ஒன்றை வாங்கி நடுவில் வெட்டிக்கொள்வதே வழி. மறுநாள் ஞாயிறு காலை ஜார்ஜ்டவுனில் லோரோங் கூலிட் பழம்பொருள் சந்தைக்குப் பையனையும் அழைத்துக்கொண்டு போனேன். பழைய கடிகாரங்கள், துருப்பிடித்த திருகுக் கருவிகள், பீங்கான் தட்டுகள் என்று தரையில் விரித்து வைத்திருப்பார்கள். கம்பிகளை மட்டும் ஒரு கோணிப்பையில் அடைத்து வைத்திருந்த பெரியவர் ஒருவர், "என்னம்மா தேடுகிறீர்கள்? எல்லாம் நல்ல கம்பிதான், எடுத்துப் பாருங்கள்" என்று பையையே கவிழ்த்துவிட்டார். முனையின் வடிவத்தைப் பையன்தான் அடையாளம் கண்டான். சில வெள்ளிக்கு (ரிங்கிட்) வாங்கிவிட்டு, பக்கத்தில் பசியாறிவிட்டு வீடு திரும்பினோம்.

கம்பியை வெட்டியதும் உள்ளே மெல்லிய இழைகள் பல நிறங்களில் வரும். நிறத்தை நம்பக் கூடாது. தயாரிப்பாளருக்குத் தயாரிப்பாளர் நிறம் மாறும். மல்டிமீட்டரைத் தொடர்ச்சிச் சோதனையில் வைத்து, முனையின் ஒவ்வொரு ஊசியிலும் ஒரு நுனியை வைத்து, எந்த இழை எந்த ஊசிக்குப் போகிறது என்று காகிதத்தில் எழுதிக்கொள்ள வேண்டும். நமக்கு வேண்டியவை அனுப்புவது, பெறுவது, நிலம் ஆகிய மூன்று. இவற்றை யுஎஸ்பியிலிருந்து தொடர் தகவலாக மாற்றும் சிறு அடாப்டரில் இணைக்க வேண்டும். அனுப்பும் இழை அங்கே பெறும் ஊசிக்குப் போகும், பெறும் இழை அனுப்பும் ஊசிக்குப் போகும். அடாப்டர் 3.3 வோல்ட்டில் இயங்குவதாக இருக்க வேண்டும். 5 வோல்ட் அடாப்டரைச் செருகினால் முப்பது ஆண்டுகளை நெருங்கும் ஒரு பலகையின் உள்ளீடுகளைப் பாழாக்கும் வாய்ப்பு உண்டு. சந்தையில் கிடைக்கும் பல அடாப்டர்களில் இரண்டையும் மாற்றும் சிறு விசை இருக்கும். இணைப்பதற்கு முன் அதை மீட்டரால் அளந்து பார்த்துவிடுவது நல்லது.

அடுத்தது, பயாஸைப் படித்து அனுப்பும் நிரலை இயந்திரத்துக்குள் ஓட வைப்பது. யூனிரோம் என்ற இலவச மென்பொருள் இதற்கென்றே இருக்கிறது. அதை வட்டில் எழுதி ஓட்டலாம். ஆனால் வீட்டில் எழுதிய வட்டைப் பிளேஸ்டேஷன் ஏற்காது. அசல் வட்டின் உட்புறத் தடத்தில் உள்ள நுண்ணிய அசைவில் நான்கெழுத்து வட்டாரக் குறி பொதிந்திருக்கும். வீட்டுக் கணினியின் எழுதுகருவியால் அதைப் போட முடியாது. இங்கேதான் நம்மூர் இயந்திரங்களின் கதை உதவுகிறது. அக்காலத்தில் இங்கே விற்ற பெட்டிகளில் நான் திறந்து பார்த்தவை எல்லாவற்றிலும் மாற்றுச் சில்லு ஒன்று பற்றவைக்கப்பட்டிருந்தது. சில வெள்ளிக்கு விற்ற திருட்டு வட்டுகளை ஓட்டுவதற்காக, கடைக்காரர்களே விற்பனைக்கு முன் வைத்துக் கொடுத்தார்கள். வட்டுத் தயாரிப்புக்கு உரிமம் கட்டாயம் என்ற ஒளிவட்டுச் சட்டம் 2000ஆம் ஆண்டில்தான் வந்தது. அந்தத் திருட்டு வட்டு வணிகத்தை நான் மெச்சவில்லை. விளையாட்டுகளை உருவாக்கியவர்களுக்கு அதில் ஒரு காசும் போகவில்லை. ஆனால் அன்று வைத்த சில்லு, இன்று யூனிரோம் வட்டு ஓட வழி செய்கிறது.

பலரும் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு: மாற்றுச் சில்லு வைத்த இயந்திரத்திலிருந்து எடுக்கும் பயாஸ் சுத்தமானதா? இந்த வகையில் சுத்தமானதுதான். அந்தச் சில்லு வட்டு இயக்கியைக் கட்டுப்படுத்தும் பகுதியோடு மட்டும் பேசும். வட்டாரக் குறி கிடைத்துவிட்டது என்று அதை நம்ப வைக்கும். பயாஸ் சில்லைத் தொடாது. மாற்றுச் சில்லு இல்லாத இயந்திரம் என்றால் நினைவக அட்டை வழியாக நுழையும் டோனிஹாக்ஸ், ஃப்ரீபிஎஸ்எக்ஸ்பூட் என்ற முறைகள் 2021 முதல் இருக்கின்றன. லென்ஸ் அடியோடு செத்துப்போன பெட்டிக்கும் பின்னது உதவும். வட்டு இல்லாமலே அட்டையிலிருந்து நிரலைத் தொடங்கிவிடும்.

அண்ணன் பெட்டியின் லென்ஸ் அன்று ஒத்துழைத்தது. யூனிரோம் திரை வந்ததும் கணினிப் பக்கத்தில் கட்டளை கொடுத்தோம். தொடக்க முகவரி பிஎஃப்சி00000, நீளம் 80000, இரண்டும் பதினாறை அடியாகக் கொண்ட பதினறும எண்கள். 80000 என்பது நம் கணக்கில் அந்த 524,288தான். தொடர் துறை வினாடிக்கு 115,200 பிட் வேகத்தில் அனுப்பும். ஒரு பைட்டுக்குப் பத்துப் பதினோரு பிட் என்று வைத்துக்கொண்டால் மொத்தமும் வந்து சேர ஒரு நிமிடம்கூட ஆகாது. பையன் திரையில் எண்கள் ஏறுவதை மூச்சுவிடாமல் பார்த்துக்கொண்டிருந்தான். வந்ததும் இன்னொரு முறை எடுத்தோம். இரண்டின் எம்டி5 எண்ணும் ஒன்றாக இருந்தால்தான் வழியில் ஒரு பிட்டும் தவறவில்லை என்று நம்பலாம். ஒன்றாகவே இருந்தன. 490 என்று தொடங்கி 246 என்று முடியும் எண்.

அந்த எண்ணை வழிகாட்டிப் பட்டியலில் தேடச் சொன்னேன். தேடியவன் நிமிர்ந்து என்னைப் பார்த்தான். அமெரிக்க 5501க்கு நேரே அதே எண் இருந்தது.

நம் 7003இல் இருப்பதும் அமெரிக்க 5501இல் இருப்பதும் பைட்டுக்குப் பைட் ஒரே பயாஸ். 1996 நவம்பர் 18 தேதியிட்ட 3.0 பதிப்பு. 5503இலும் அதுவே. 7503, 9003 வாங்கியவர்களிடம் இருப்பது 1997 டிசம்பர் 16 தேதியிட்ட 4.1 பதிப்பு. அதுவும் அமெரிக்க 7001, 9001 வகைகளில் உள்ளதேதான். ஜப்பானிய வட்டுகளை ஏற்கும் இயந்திரங்களாக ஆசிய வகைகள் விற்கப்பட்டாலும், நினைவக அட்டையைக் காட்டும் பட்டியல் ஆங்கிலத்தில் வந்தது இதனால்தான். சிறு வயதில் அண்ணன் தோளுக்குப் பின்னால் நின்று அந்த ஆங்கிலப் பட்டியலைப் படித்தவள் நான். அது எங்கிருந்து வந்தது என்பதற்கு இத்தனை ஆண்டுகள் கழித்து விடை கிடைத்தது. வழிகாட்டிகளில் 5501 என்ற ஒற்றைப் பெயருக்குப் பின்னால் பினாங்கிலும் சிங்கப்பூரிலும் விற்ற இயந்திரங்கள் மறைந்து நிற்கின்றன. இதை எல்லா வழிகாட்டிகளும் முதல் பக்கத்திலேயே சொல்ல வேண்டும்.

கோப்பைப் பதினறுமத் தொகுப்பியில் திறந்து பையனுக்குக் காட்டினேன். பெரும்பகுதி செயலிக்கான கட்டளைகள், கண்ணால் படித்தால் பொருளற்ற எண்கள். நடுநடுவே வாசிக்கக்கூடிய எழுத்து வரிகள் வரும். பதிப்பு எண்ணும் தேதியும், 1993, 1994 ஆண்டுகளின் பதிப்புரிமைக் குறிப்பும், பிஎஸ்-எக்ஸ் நிகழ்நேரக் கருநிரல் 2.5 என்ற வரியும் அப்படியே ஆங்கிலத்தில் இருந்தன. கடைசிப் பகுதிக்குப் போனால் வேறொரு விந்தை. பதினறுமத்தில் 66000 என்ற இடத்திலிருந்து ஏறக்குறைய 100 கிலோபைட்டுக்கு ஜப்பானிய எழுத்துருக்கள். 3,400க்கும் மேற்பட்ட எழுத்துகள். ஒவ்வொன்றும் 16க்கு 15 புள்ளிக் கட்டம், எழுத்துக்கு 30 பைட். ஆங்கிலப் பட்டியல் காட்டும் இயந்திரத்தின் பயாஸில் ஐந்தில் ஒரு பங்கு ஜப்பானிய எழுத்துகள். நினைவக அட்டையில் ஆட்டத்தின் பெயர் ஜப்பானியக் குறியீட்டில்தான் எழுதப்படும் என்பதாலும், எழுத்துரு தேவைப்படும் விளையாட்டுகள் பயாஸிலிருந்தே எடுத்துக்கொள்ளலாம் என்பதாலும் அவை எல்லா வட்டாரங்களுக்கும் போயின. மாற்று பயாஸில் சில ஜப்பானிய விளையாட்டுகளின் எழுத்துகள் காணாமல் போனால் இந்த இடத்தைத்தான் சந்தேகிக்க வேண்டும்.

கோப்பு கையில் வந்த பிறகு அதை அமர்த்துவது சில நிமிட வேலை. ஆனால் பலர் வழுக்கும் இடமும் இதுதான். ரெட்ரோஆர்ச்சில் 'சிஸ்டம்' என்ற அடைவு எங்கிருக்கிறது என்பதை அமைப்புகளில் பார்த்து, நேரே அதற்குள் போட வேண்டும். உள்ளே துணை அடைவு உண்டாக்கி அதில் போட்டால் பீட்டில் கண்டுகொள்ளாது. பெயர் எஸ்சிபிஎச்5501.பின் என்று ஆங்கிலச் சிற்றெழுத்துகளில் இருக்க வேண்டும். விண்டோஸில் பேரெழுத்து இருந்தாலும் ஓடும், லினக்ஸில் ஓடாது. ஒரே கோப்புத் தொகுப்பு மடிக்கணினியில் ஓடி, ராஸ்பெரி பை என்ற சிறு கணினியில் ஓடாமல் போவதற்கு முக்கால்வாசி இதுவே காரணம். விண்டோஸ் கோப்புப் பின்னொட்டை மறைத்துக் காட்டுவதால் '.பின்.பின்' என்று இரட்டைப் பின்னொட்டு விழுவதும் உண்டு. போட்ட பிறகு, ரெட்ரோஆர்ச்சில் பீட்டிலின் தகவல் பக்கத்தைத் திறந்தால் எந்தக் கோப்பு இருக்கிறது, எது இல்லை என்று வரிசையாகக் காட்டும். விளையாட்டைத் தொடங்கும் முன் அங்கே பார்ப்பதைப் பழக்கமாக்கிக்கொள்ளுங்கள்.

பீட்டில் வட்டின் வட்டாரத்தைப் பார்த்து பயாஸைத் தேர்ந்தெடுக்கும். அமெரிக்க வட்டுக்கு 5501, ஜப்பானிய வட்டுக்கு 5500. அண்ணனின் பெட்டியில் இருந்த அசல் வட்டுகளில் பெரும்பாலானவை ஜப்பானியப் பதிப்புகள். நம்மிடம் இருப்பதோ 5501க்கு ஒப்பான கோப்பு. அதனால் பையனுக்கு டக்ஸ்டேஷன் என்ற இன்னொரு எமுலேட்டரை நிறுவிக் கொடுத்தேன். அது பெயரைப் பார்ப்பதில்லை. பயாஸ் அடைவில் உள்ள கோப்புகளின் எம்டி5 எண்ணைக் கணக்கிட்டுத் தானே அடையாளம் காணும். எங்கள் கோப்பைப் போட்டதும் 5501, 5503, 7003 என்று மூன்று எண்களையும் சேர்த்தே காட்டியது. ஒரு திரையில் முதன்முறையாக அண்ணனின் இயந்திர எண்ணைப் பார்த்ததில் எனக்கு உண்மையான மகிழ்ச்சி. ஒவ்வொரு வட்டாரத்துக்கும் எந்த பயாஸ் என்று அதில் கையால் குறித்துவிடலாம். ஜப்பானிய வட்டுக்கும் இதையே குறித்தோம். ஓடியது. சேமிப்பதிலும் இப்போது சிக்கல் இல்லை.

விரைவுத் தொடக்கம் என்ற வசதியைப் பற்றி ஒரு சொல். வெள்ளைத் திரையையும் கருப்புத் திரையையும் தாண்டி நேரே விளையாட்டுக்குப் போவதற்கு, எமுலேட்டர் நினைவகத்தில் உள்ள பயாஸ் படியில் சிறு திருத்தம் செய்துகொள்கிறது. கணினியில் சேமித்துள்ள உங்கள் கோப்பு மாறாது. பெரும்பாலான விளையாட்டுகளுக்கு இதனால் தொல்லை இல்லை. ஆனால் ஒரு விளையாட்டு தொடக்கத்திலேயே தடுமாறினால், முதலில் இந்த வசதியை நிறுத்திவிட்டு முழுத் தொடக்கத்தையும் ஓட விடுங்கள். எங்கே நிற்கிறது என்பதே பாதி விடை. வெள்ளைத் திரையே வரவில்லையென்றால் பயாஸில் கோளாறு. வெள்ளை வந்து கருப்புத் திரை வராமல் நினைவக அட்டைப் பட்டியலுக்குப் போய்விட்டால் விளையாட்டு வட்டின் நகல் கோப்பில் கோளாறு. அண்ணன் இரவு வேலை முடிந்து வந்தபோது பையன் முழுத் தொடக்கத்தையே ஓடவிட்டுக் காட்டினான். அந்த ஒலியைக் கேட்டதும் அண்ணன் சட்டையைக்கூட மாற்றாமல் உட்கார்ந்துவிட்டார்.

அடுத்ததாகப் பையன் கேட்பது பிளேஸ்டேஷன் 2. அதற்கான பிசிஎஸ்எக்ஸ்2 என்ற எமுலேட்டரில் மாற்று பயாஸ் என்ற பேச்சே இல்லை. 4 மெகாபைட் உள்ள அசல் கோப்பு கட்டாயம் வேண்டும். அங்கே நம் வட்டாரத்தைக் காட்டுவது 06 என்று முடியும் எண்கள்: 50006, 70006, 77006, 90006. ஃப்ரீ எம்சிபூட் என்ற மென்பொருள் ஏற்றிய நினைவக அட்டை ஒன்றும், பயாஸ்டிரெய்ன் என்ற நிரலும், ஒரு யுஎஸ்பி குச்சியும் இருந்தால் கம்பி வெட்டாமலே வேலை முடிந்துவிடும். படித்ததை நேரே குச்சியில் எழுதிக் கொடுக்கும். லோரோங் கூலிட்டில் மெல்லிய வகைப் பெட்டிகள் அவ்வப்போது கண்ணில் படுகின்றன. வாங்குபவர்கள் 90006ஐ மட்டும் கவனமாகப் பார்க்க வேண்டும். அதன் அடியில் உள்ள ஒட்டியில் தயாரிப்புக் குறியீடு 8டி அல்லது அதற்குப் பிந்தையதாக இருந்தால் உள்ளே இருப்பது 2.30 பதிப்பு பயாஸாக இருக்கும். அதில் ஃப்ரீ எம்சிபூட் இயங்காது. 70006 அல்லது 77006 கிடைத்தால் அந்தக் கவலை இல்லை.